பிணைப்பு உண்டு, தூது இல்லை

1984ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் பெங்களூருவில் கணினிகள், அமைப்புகள், குறிகைச் செயலாக்கம் ஆகியவற்றைப் பற்றிய பன்னாட்டு மாநாடு ஒன்று நடைபெற்றது. அதன் கட்டுரைத் தொகுப்பில் 175ஆம் பக்கத்தில் ஒரு சிறு கட்டுரை தொடங்குகிறது. எழுதியவர்கள் ஐபிஎம் ஆய்வகத்தைச் சேர்ந்த சார்லஸ் பென்னெட், மான்ட்ரியல் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஜில் பிராஸார்ட் ஆகிய இருவர். ஒற்றை ஒளித்துகள்களை அனுப்பி இருவர் தமக்குள் ஓர் இரகசியத் திறவுகோலை உருவாக்கிக்கொள்ளலாம். இடையில் எவரேனும் ஒட்டுக்கேட்டால் அந்தச் செயலே அவரைக் காட்டிக்கொடுத்துவிடும் என்பது அக்கட்டுரையின் சாரம். இன்று அம்முறை உலகெங்கும் பிபி84 என்று அறியப்படுகிறது. இரண்டு பி எழுத்துகளும் ஆசிரியர்களின் பெயர்களுக்கு உரியவை. 84 என்ற எண் பெங்களூரு மாநாட்டின் ஆண்டுக்கு உரியது.

அக்கட்டுரையின் வலிமை ஒரு தடையில் அமைந்துள்ளது. நிலை அறியப்படாத ஒரு குவாண்டம் துகளைப் பிழையின்றிப் படியெடுக்க எந்தக் கருவியாலும் இயலாது என்பதே அத்தடை. அது பரவலாக அறியப்பட்ட தேற்றமாக வடிவம் பெற்றது மாநாட்டுக்கு இரண்டு ஆண்டுகள் முன்னர், 1982இல். அப்போது அது எழுதப்பட்டதற்குக் காரணம் ஒரு தவறான முன்மொழிவு. எவ்வளவு தொலைவாயினும் காலம் கடவாமல், நொடியின் சிறு பகுதியும் செலவாகாமல், செய்தி அனுப்பலாம் என்றது அந்த முன்மொழிவு. அதன் பின்னிருந்த கனவு இன்றும் உயிரோடுதான் இருக்கிறது. செய்தித் தலைப்புகளிலும் விளம்பரங்களிலும், சில வேளைகளில் ஆய்வு மாணவர்களின் முன்மொழிவுகளிலும்கூட அது தலைகாட்டுகிறது. ஆகவே அக்கனவு எதைக் கேட்டது, இயற்கை அதற்கு என்ன விடை தந்தது என்பதை நிதானமாகப் பார்ப்பது பயனுடையது.

தொலைவில் இருப்பவரோடு உடனே பேச வேண்டும் என்ற ஆசை பழையது. தமிழில் தூது என்றொரு இலக்கிய வகையே அதற்காக உண்டு. அன்னம், கிளி, மேகம், வண்டு, தென்றல் என்று தூது செல்பவை பல. ஒன்று பறக்க வேண்டும், ஒன்று மிதக்க வேண்டும், ஒன்று வீச வேண்டும். வழி நடக்கத் தேவையில்லாத தூது ஒன்றே ஒன்று. அது நெஞ்சுவிடு தூது. நினைத்த மாத்திரத்தில் சென்றடைவது நெஞ்சு. ஆனால் சென்ற நெஞ்சு விடை கொண்டு திரும்பியதா என்று கேட்டால், அதற்குச் சான்று அனுப்பியவரின் சொல் மட்டுமே.

இந்த ஆசைக்கு ஓர் அறிவியல் கோட்பாட்டின் வடிவத்தைக் கற்பனையாகப் படைத்தவர்களுள் முதன்மையானவர் அமெரிக்க எழுத்தாளர் ஊர்சுலா லெ குயின். 1966இல் வெளிவந்த தமது முதல் நாவலில் ஆன்சிபிள் என்ற கருவியை அவர் அறிமுகப்படுத்தினார். விண்மீன்களுக்கு இடையே, ஒளி பல ஆண்டுகள் பயணம் செய்யும் தொலைவுகளுக்கு இடையே, காலத் தாழ்வு இல்லாமல் உரையாடும் கருவி அது. 1974இல் வெளிவந்த ‘தி டிஸ்பொஸஸ்ட்’ நாவலில் அக்கருவிக்கு அடிப்படையான கோட்பாடு எவ்வாறு பிறந்தது என்பதைக் கதையாக்கினார். அனரெஸ், உரஸ் என்னும் இரு கோள்கள். ஷெவெக் என்னும் இயற்பியலர். காலத்தை ஒன்றன்பின் ஒன்றாக நிகழும் வரிசை என்று கொள்வதா, அனைத்தும் ஒருங்கே இருக்கும் நிலை என்று கொள்வதா என்ற பூசலில் இரு பார்வைகளையும் ஒரே கணிதத்துள் அடக்க முயல்கிறார் அவர். நம் புவியிலிருந்து வந்த சார்பியல் கோட்பாடும், உச்சரிப்புத் திரிந்த பெயரோடு, அவருடைய மேசைக்கு வந்து சேர்கிறது.

அந்நாவலில் போற்றத்தக்கது கருவியைவிடக் கேள்வியே. ‘விரைவாக அனுப்புவது எப்படி’ என்று ஷெவெக் கேட்கவில்லை. ‘ஒரே வேளை என்பது என்ன’ என்று கேட்கிறார். உண்மை இயற்பியலிலும் சிக்கல் அங்கேதான் இருக்கிறது.

நியூட்டனின் 1687ஆம் ஆண்டு நூலில் ஈர்ப்பு விசைக்குப் பயண நேரம் கிடையாது. கதிரவன் இங்கே அசைந்தால் புவி அக்கணமே அதை உணரும். இடையில் எதுவுமின்றி ஒரு பொருள் மற்றொன்றின் மீது செயல்படுவது குறித்து நியூட்டனுக்கே மனநிறைவு இல்லை என்பதை அவருடைய கடிதங்கள் காட்டுகின்றன. 1905இல் ஐன்ஸ்டைன் அந்தக் கணம் என்ற சொல்லையே சோதனைக்கு உட்படுத்தினார். ஒருவருக்கு ஒரே வேளையில் நிகழும் இரு நிகழ்ச்சிகள், அவரைக் கடந்து செல்லும் மற்றொருவருக்கு வெவ்வேறு வேளைகளில் நிகழும் என்பது அவருடைய முடிவு.

இது அன்றாட வேகங்களில் கண்ணுக்குப் புலப்படாது. ஆனால் தொலைவு மிகும்போது வேறுபாடு பெருகும். பெங்களூரு கப்பன் பூங்காவில் இருவர் எதிரெதிர்த் திசைகளில் நடந்து ஒருவரையொருவர் கடக்கிறார்கள் என்று கொள்ளலாம். அவர்களுள் ஒருவர் ஆண்ட்ரோமெடா விண்மீன் மண்டலம் இருக்கும் திசையை நோக்கி நடக்கிறார். மற்றவர் அதற்கு முதுகு காட்டி நடக்கிறார். அம்மண்டலம் ஏறத்தாழ 25 லட்சம் ஒளியாண்டுத் தொலைவில் உள்ளது. மணிக்கு 5 கிலோமீட்டர் நடைவேகத்தில்கூட, ‘இப்போது ஆண்ட்ரோமெடாவில் நடப்பது’ என்று அவ்விருவரும் கணக்கிடும் வேளைகளுக்கு இடையே ஒரு வாரத்துக்கும் மேற்பட்ட வேறுபாடு வரும். இருவருள் எவருடைய கணக்கும் தவறன்று. உடனே சென்றடையும் செய்தி என்று ஒருவர் சொன்னால், முதலில் எழ வேண்டிய கேள்வி, அது யாருடைய ‘உடனே’ என்பதாகும்.

கேள்வி வெறும் சொல்லாராய்ச்சியாக நின்றுவிடுவதில்லை. ஒளியை மிஞ்சும் செய்தியை எல்லாப் பார்வையாளர்களும் தத்தம் கணக்கின்படி அனுப்ப இயலுமானால், இரு பார்வையாளர்களைத் தக்கவாறு அமைத்து, கேள்வி அனுப்பப்படும் முன்னரே அதற்கான விடையைப் பெற்றுவிடலாம். 1970இல் பென்ஃபோர்டு, புக், நியூகம்ப் ஆகியோர் இதை எதிர்த் தொலைபேசி என்று பெயரிட்டு விவாதித்தனர். விடை கையில் வந்த பிறகு கேள்வியை அனுப்பாமல் விட்டுவிட்டால் என்னாகும்? காரணமும் காரியமும் என்ற வரிசை அங்கே குலைந்துவிடுகிறது.

இத்தடைச் சுவரைத் துணிந்து தட்டிப் பார்த்தவர்களுள் ஒருவர் இ.சி.ஜி. சுதர்சன். கோட்டயத்தை அடுத்த பள்ளத்தில் 1931இல் பிறந்தவர். சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் பயின்றவர். 1962இல் பிலானியுக், தேஷ்பாண்டே ஆகியோருடன் இணைந்து அவர் எழுதிய கட்டுரை, ஒளியை மிஞ்சும் வேகத்திலேயே எப்போதும் இயங்கும் துகள்களைச் சார்பியல் முற்றாக விலக்கவில்லை என்று வாதிட்டது. அத்தகைய துகளுக்கு டாக்கியான் என்ற பெயரைப் பின்னர், 1967இல், ஜெரால்டு ஃபைன்பெர்க் சூட்டினார். மெதுவாகச் செல்லும் துகளை முடுக்கி ஒளியின் வேகத்தைத் தாண்டச் செய்ய இயலாது என்பது உண்மை. அதனால் அவ்வேகத்துக்கு அப்பால் துகள்களே இல்லை என்று முடிவு கட்டுவதைச் சுதர்சன் ஏற்கவில்லை. இமயமலையை எவராலும் ஏறிக் கடக்க இயலாது என்பதால், மலைக்கு வடக்கே மக்களே இல்லை என்று இந்திய மக்கள்தொகை ஆய்வாளர் ஒருவர் முடிவு செய்வது போன்றது அது என்பது அவர் கூறிய உவமை. வடக்கே வாழ்பவர்கள் அங்கேயே பிறந்தவர்கள். மலையைக் கடந்து சென்றவர்கள் அல்லர்.

அவர் 1970களில் பெங்களூரு இந்திய அறிவியல் கழகத்தில் கோட்பாட்டு ஆய்வுகளுக்கான மையத்தை உருவாக்கி வழிநடத்தினார். 1980களில் சென்னைக் கணித அறிவியல் நிறுவனத்தின் இயக்குநராக இருந்தார். உவமை அழகானது, வாதமும் நேர்மையானது. ஆயினும் மலைக்கு வடக்கே இருந்து இதுவரை ஒருவரும் வரவில்லை. 2011இல் ஐரோப்பாவின் செர்ன் ஆய்வகத்திலிருந்து இத்தாலியின் கிரான் சாசோ வரை, ஏறத்தாழ 730 கிலோமீட்டர், சென்ற நியூட்ரினோக்கள் ஒளியைவிட 60 நானோநொடிகள் முந்தி வந்ததாக ஓர் ஆய்வுக்குழு அளவிட்டபோது உலகமே பரபரப்படைந்தது. சரியாகப் பொருத்தப்படாத ஓர் ஒளியிழை வடம் அதற்கு முதன்மைக் காரணம் என்று அடுத்த ஆண்டே அக்குழு கண்டறிந்து அறிவித்தது.

டாக்கியான் வழி இவ்வாறு சான்றின்றி நிற்க, உடனடித் தொடர்புக்கு வேறொரு வாயில் குவாண்டம் இயற்பியலுக்குள் இருந்து திறப்பதாகத் தோன்றியது. 1935இல் ஐன்ஸ்டைன், பொடோல்ஸ்கி, ரோசன் ஆகியோர் ஒரு புதிரை முன்வைத்தனர். ஒன்றாகப் பிறந்து பிரிந்து சென்ற இரு துகள்களில் ஒன்றை அளந்தால், மற்றதை அளந்தால் என்ன விடை வரும் என்பது அக்கணமே உறுதியாகிவிடுகிறது. தொலைவு பொருட்டாவதில்லை. இதைக் குவாண்டம் பிணைப்பு என்பர். ஐன்ஸ்டைனுக்கு இதில் மாயம் எதுவும் இருக்க வேண்டியதில்லை. துகள்கள் பிரியும்போதே விடைகளைத் தம்முள் எழுதிக்கொண்டு பிரிந்திருக்க வேண்டும், அந்த எழுத்தைக் கோட்பாடு காணவில்லை, அவ்வளவே.

தமிழ் மரபுக்குப் பழக்கமான எண்ணம்தான் இது. உறையூர்க் கோப்பெருஞ்சோழனும் பாண்டிநாட்டுப் பிசிராந்தையாரும் நேரில் கண்டு பழகாத நண்பர்கள். வடக்கிருந்த சோழன், தன் நண்பர் வந்தே தீர்வார் என்று அவருக்கும் இடம் ஒதுக்கச் சொன்னான். சுற்றியிருந்தோர் ஐயுற்றனர். ஆந்தையார் வந்தார். கண்டவர்கள் வியந்ததைப் புறநானூறு பதிவு செய்திருக்கிறது. அந்த ஒத்திசைவுக்கு விளக்கம் கேட்டால், இருவர் உள்ளமும் முன்பே ஒத்திருந்தன என்பதே விடையாக இருக்கும். ஐன்ஸ்டைன் துகள்களுக்கு விரும்பிய விளக்கமும் அதுவே: முன்னமே அமைந்துவிட்ட ஒற்றுமை.

அந்த விளக்கம் துகள்களுக்குப் பொருந்துமா என்பதைச் சோதிக்கும் வழியை 1964இல் ஜான் பெல் கண்டுபிடித்தார். அதைத் தேர்வறை ஒன்றின் வழியே விளக்கலாம். இரு மாணவர்கள் ஒன்றோடொன்று தொடர்பில்லாத இரு அறைகளில் அமர்த்தப்படுகிறார்கள். ஒவ்வோர் அறையிலும் கண்காணிப்பாளர் நாணயம் சுண்டி, ‘அ’ அல்லது ‘ஆ’ என்ற இரு கேள்விகளுள் ஒன்றைக் கேட்கிறார். விடை ‘ஆம்’ அல்லது ‘இல்லை’ என்று இருக்க வேண்டும். இருவருக்கும் ‘ஆ’ கேட்கப்பட்டால் அவர்களுடைய விடைகள் வேறுபட வேண்டும். மற்ற மூன்று வகைகளிலும் விடைகள் ஒன்றாக இருக்க வேண்டும். அறைக்குள் நுழையும் முன் எத்தனை நாள் வேண்டுமானாலும் இருவரும் கூடித் திட்டமிடலாம். எப்படித் திட்டமிட்டாலும் நான்கில் மூன்று வகைகளுக்கு மேல் அவர்களால் வெல்ல இயலாது. அதாவது 75 விழுக்காடு உச்சவரம்பு. ஆனால் இருவரும் பிணைந்த ஒளித்துகள்களை ஆளுக்கொன்றாக எடுத்துச் சென்று, கேட்கப்பட்ட கேள்விக்கேற்ப அவற்றை அளந்து விடை சொன்னால், ஏறத்தாழ 85 விழுக்காடு வரை வெல்லலாம் என்கிறது குவாண்டம் கோட்பாடு.

1972இல் கிளாசரும் ஃபிரீட்மனும், 1982இல் அஸ்பேயும் செய்த சோதனைகள் கோட்பாட்டின் பக்கமே நின்றன. எஞ்சியிருந்த முதன்மையான ஐயப்பாடுகளை ஒருங்கே நீக்கிய சோதனைகள் 2015இல் டெல்ஃப்ட், வியன்னா, போல்டர் ஆகிய இடங்களில் நடைபெற்றன. கிளாசர், அஸ்பே, சைலிங்கர் மூவரும் 2022இல் நோபல் பரிசு பெற்றனர். பிரிந்த துகள்கள் தத்தம் விடைகளை முன்பே எழுதிக்கொண்டு பிரியவில்லை. ஆந்தையார்க்கும் சோழனுக்கும் பொருந்திய விளக்கம் ஒளித்துகள்களுக்குப் பொருந்தவில்லை.

அப்படியானால் துகள்கள் ஒன்றுக்கொன்று செய்தி அனுப்பிக்கொள்கின்றனவா? ஜெனீவாவை அடுத்த இரு சிற்றூர்களுக்கிடையே, 18 கிலோமீட்டர் இடைவெளியில், ஓர் ஆய்வுக்குழு இதைச் சோதித்து 2008இல் முடிவை வெளியிட்டது. ஏதோ ஒன்று ஒரு துகளிலிருந்து மற்றதற்குச் செல்வதாகக் கொண்டால், சில எளிய அனுமானங்களின்படி, அதன் வேகம் ஒளியின் வேகத்தைப்போல் குறைந்தது 10,000 மடங்கு இருக்க வேண்டும். இங்கேதான் கனவு மீண்டும் விழித்துக்கொள்கிறது. லெ குயினின் கற்பனைக் கருவி மேசைமேல் இருப்பதாகவே தோன்றுகிறது.

தேர்வறைக்குத் திரும்பினால் மயக்கம் தெளியும். முதல் அறையில் இருக்கும் மாணவரின் விடைத்தாளை மட்டும் எடுத்துப் பார்த்தால் அதில் ‘ஆம்’ பாதி, ‘இல்லை’ பாதி. ஒழுங்கு எதுவும் கிடையாது. அடுத்த அறையில் ‘அ’ கேட்கப்பட்டாலும் ‘ஆ’ கேட்கப்பட்டாலும், அம்மாணவருடைய துகள் அளக்கப்படாமலே விடப்பட்டாலும், இந்தத் தாளில் அதே பாதியும் பாதியும்தான் இருக்கும். வியப்புக்குரிய அந்த ஒத்திசைவு முதல் தாளிலும் இல்லை, இரண்டாம் தாளிலும் இல்லை. இரண்டையும் அருகருகே வைக்கும்போது மட்டுமே அது தெரிகிறது. அருகருகே வைக்க வேண்டுமெனில் ஒரு தாளை எவரேனும் எடுத்துவர வேண்டும். அல்லது தொலைபேசியில் படித்துக் காட்ட வேண்டும். இவ்விரண்டும் ஒளியின் வேகத்தை மிஞ்சாத செயல்கள். உறையூரில் வியந்தவர்களுக்கும் இதுவே நேர்ந்தது. சோழன் சொன்ன சொல் ஒருபுறம், பாண்டிநாட்டிலிருந்து நடந்து வந்த புலவர் மறுபுறம். இரண்டையும் ஓரிடத்தில் கண்டபோதுதான் வியப்பு பிறந்தது.

இதைச் சுற்றிக் கடக்க முயன்றவர் அமெரிக்க இயற்பியலர் நிக் ஹெர்பர்ட். ஒற்றைத் துகளை அளந்தால் ஒரே ஒரு விடைதானே கிடைக்கிறது. லேசர் பெருக்கி ஒன்றால் அத்துகளைப் பல படிகளாக்கி, எல்லாப் படிகளையும் வெவ்வேறு வகைகளில் அளந்தால், அடுத்த அறையில் எக்கேள்வி கேட்கப்பட்டது என்பதைக் கண்டுவிடலாம் அல்லவா என்று அவர் கேட்டார். படியெடுக்க முடிந்தால் அவர் வாதம் சரியே. உடனடிச் செய்தி கைகூடிவிடும். கட்டுரையை மதிப்பிட்டவர்களுள் ஒருவரான ஜான்கார்லோ கிரார்தி, படியெடுத்தலைக் கோட்பாடே அனுமதிக்காது என்று காட்டி நிராகரிக்கப் பரிந்துரைத்தார். மற்றொருவரான ஆஷர் பெரெஸ், முடிவு தவறு என்று அறிந்தே வெளியிடப் பரிந்துரைத்தார். தவறு எங்கிருக்கிறது என்று தேடுபவர்கள் புதிதாக ஒன்றைக் கற்பார்கள் என்பது அவர் கொண்ட நம்பிக்கை. கட்டுரை 1982இல் வெளிவந்தது. அதே ஆண்டில் வூட்டர்ஸ், சூரெக் இருவரும், தனியாக டீக்ஸ் என்பவரும், படியெடுத்தல் இயலாது என்ற தேற்றத்தை வெளியிட்டனர். நிரூபணம் சில வரிகளுக்குள் அடங்குவது. முதுநிலை மாணவர் எவரும் ஒரே அமர்வில் செய்து பார்க்கத்தக்கது.

பெங்களூரு மாநாட்டுக் கட்டுரை இங்கே வந்து பொருந்துகிறது. பென்னெட்டும் பிராஸார்டும் தம் எண்ணத்தை ஹெர்பர்ட்டிடமிருந்து பெறவில்லை. 1970ஐ ஒட்டி ஸ்டீபன் வீஸ்னர் எழுதி, நெடுங்காலம் வெளிவராமல் கிடந்து, 1983இல் அச்சான கட்டுரையே அவர்களுக்கு ஊற்றுக்கண். ஆனால் அவர்களுடைய பூட்டுக்குக் காவல் நிற்பது அதே தடை. அனுப்புபவர் ஒவ்வோர் ஒளித்துகளையும் நெடுக்கு–கிடை அச்சிலோ மூலைவிட்ட அச்சிலோ தற்போக்காகத் திருப்பி அனுப்புகிறார். பெறுபவரும் தற்போக்காக ஓர் அச்சைத் தேர்ந்து அளக்கிறார். பின்னர் இருவரும் வெளிப்படையாகப் பேசி, எந்தெந்தத் துகள்களில் அச்சுகள் ஒத்திருந்தன என்று மட்டும் சொல்லிக்கொண்டு, ஒத்தவற்றை வைத்துக்கொள்கிறார்கள். இடையில் ஒட்டுக்கேட்பவரால் துகளைப் படியெடுத்து வைத்துக்கொள்ள இயலாது. அவர் ஒவ்வொன்றையும் அளந்து பார்த்து மறுபடி அனுப்பினால், எஞ்சிய விடைகளில் ஏறத்தாழ நான்கில் ஒன்று பிழையாகும். பிழை தெரிந்துவிடும், திறவுகோல் கைவிடப்படும்.

உடனடிச் செய்தியை மறுத்த அதே விதி இரகசியத்தைக் காக்கும் விதியாகியது. படியெடுக்க இயன்றால் ஷெவெக்கின் கருவி உண்டு, ஆனால் இப்பூட்டு உடையும். படியெடுக்க இயலாது என்பதால் பூட்டு நிற்கிறது, கருவி இல்லை. இரண்டையும் ஒருசேரப் பெறும் வழி இல்லை. குவாண்டம் தகவல்தொடர்பு என்ற துறை, உடனடித் தொடர்பு இயலாது என்பதன் மேல் கட்டப்பட்ட துறை என்பதை அதனுள் நுழையும் மாணவர் முதல் நாளிலேயே அறிந்திருப்பது நல்லது.

மாநாடு நடந்த நகரத்திலேயே அத்துறை இன்று வேரூன்றியிருக்கிறது. சி.வி. இராமன் 1948இல் நிறுவிய இராமன் ஆராய்ச்சி நிறுவனத்தில் ஊர்பசி சின்ஹாவின் ஆய்வகம் ஒற்றை ஒளித்துகள்களையும் பிணைந்த இணைகளையும் கொண்டு ஆய்வு செய்கிறது. செயற்கைக்கோள் வழிக் குவாண்டம் தொடர்புக்கான ஆய்வுத் திட்டத்தை அவ்வாய்வகம் இஸ்ரோவின் பெங்களூரு மையத்துடன் இணைந்து மேற்கொண்டது. நிறுவன வளாகத்தின் கட்டடங்களுக்கிடையே திறந்தவெளி வழியே திறவுகோல் பகிர்ந்தும் காட்டியது. 2021இல் அகமதாபாத்தில் இஸ்ரோ 300 மீட்டர் இடைவெளியில் இதைச் செய்து காட்டியது. 2023 ஏப்ரலில் ஒன்றிய அமைச்சரவை 6,003.65 கோடி ரூபாய் மதிப்பில் தேசிய குவாண்டம் இயக்கத்துக்கு ஒப்புதல் அளித்தது. 2,000 கிலோமீட்டர் இடைவெளியுள்ள தரைநிலையங்களைச் செயற்கைக்கோள் வழி இணைப்பது அதன் இலக்குகளில் ஒன்று. இத்திட்டங்கள் ஒவ்வொன்றிலும் குவாண்டம் வழியோடு சாதாரண வழி ஒன்றும் உடன் வைக்கப்படுகிறது. அச்சுகளை ஒப்பிட்டுப் பேசிக்கொள்ள அது வேண்டும். அது இல்லையெனில் திறவுகோலும் இல்லை.

ஒளியின் வேகம் தரும் காலத்தாழ்வை மற்றொரு வகையில் நன்கறிந்த நகரமும் இதுவே. பீனியாவில் இஸ்ரோவின் தொலைக்கட்டுப்பாட்டு மையமும், நகருக்கு வெளியே பியாலாலுவில் 32 மீட்டர் விட்டமுள்ள ஆழ்விண்வெளி அலைவாங்கியும் உள்ளன. 2014 செப்டம்பர் 24 காலை மங்கள்யான் செவ்வாயின் சுற்றுப்பாதையில் நுழைந்தபோது, அங்கிருந்து ஒரு குறிகை புவியை அடைய ஏறத்தாழ 12 நிமிடம் 30 நொடி ஆயிற்று. பொறி ஏறத்தாழ 24 நிமிடம் எரிய வேண்டும். எரியத் தொடங்கியது என்ற செய்தி பெங்களூருவை அடைவதற்குள் பணியில் பாதி முடிந்திருக்கும். அதில் பிழை நேர்ந்தாலும் இங்கிருந்து அனுப்பும் கட்டளை உரிய வேளையில் சென்று சேராது. கலம் கோளின் மறைவுக்குள் சென்றுவிட்டிருக்கும். ஆகவே கட்டளைகள் பல நாட்கள் முன்னரே, எந்நொடியில் எது நிகழ வேண்டும் என்று குறித்து அனுப்பப்பட்டிருந்தன. பிழை நேர்ந்தால் என்ன செய்வது என்ற அறிவும் கலத்துக்குள்ளேயே வைக்கப்பட்டிருந்தது. உடனடித் தொடர்பு இல்லாத உலகில் பொறியியல் செய்யத்தக்கது அதுதான். பிரிவதற்கு முன்பே வேண்டியதைப் பகிர்ந்துகொண்டு, பிரிந்த பின் நம்பிக் காத்திருத்தல்.

பெங்களூருவின் ஆய்வகங்களில் தமிழ்நாட்டு மாணவர்கள் பலர் பணிபுரிகிறார்கள். ஞாயிற்றுக்கிழமை மாலை ஊரிலிருந்து தொலைபேசி வரும். என்ன படிப்பு, என்ன ஆராய்ச்சி என்று அப்பாவோ சித்தப்பாவோ கேட்பார்கள். ‘ஒளியைவிட வேகமாகச் செய்தி அனுப்பும் ஆராய்ச்சி’ என்று சொல்லிவிடுவது எளிது. கேட்பவர் மகிழ்வார், அண்டை வீட்டாரிடமும் பெருமையாகச் சொல்வார். உண்மையைச் சொல்ல நேரம் பிடிக்கும்: இரண்டு துகள்கள் ஒத்துப்போகின்றன, ஆனால் அதைக் கொண்டு ஒரு சொல்லும் அனுப்ப முடியாது, அனுப்ப முடியாமையால்தான் அது பயன்படுகிறது. இதைக் கேட்டு, “அப்புறம் என்னப்பா அதில் பெருமை?” என்று மறுமுனையில் கேள்வி வரக்கூடும்.

அக்கேள்விக்குப் பொறுமையாக விடை சொல்வது ஆய்வாளரின் கடமைகளுள் ஒன்று. ஏனெனில் எளிய பொய்யைச் சொல்லப் பிறர் காத்திருக்கிறார்கள். குவாண்டம் என்ற சொல்லை ஒட்டிய மருத்துவப் பட்டைகளும், பிணைப்பைச் சான்று காட்டித் தொலைநுண்ணுணர்வு கற்பிக்கும் வகுப்புகளும் சந்தையில் உண்டு. அவற்றை வாங்குபவர்கள் அறிவில்லாதவர்கள் அல்லர். நெஞ்சுவிடு தூது எழுதிய அதே ஆசை உடையவர்கள். தொலைவில் உள்ள மகளோடு, இறந்துபோன கணவரோடு இடைவெளி இல்லாமல் இருக்க விரும்புபவர்கள். அவர்களுக்கு அறிவியல் பெயரில் சொல்லப்படும் பொய், மற்ற பொய்களைவிடக் கொடியது. அவர்கள் நம்பியது பொருளை விற்றவரை அன்று, ஆய்வகத்தை.

லெ குயினின் நாவலில் ஷெவெக் இறுதியில் தம் கோட்பாட்டை எந்த ஓர் அரசுக்கும் விற்கவில்லை. எல்லா உலகங்களுக்கும் ஒருசேர ஒலிபரப்பிக் கொடுத்துவிடுகிறார். உண்மை உலகில் உடனடித் தொடர்புக் கோட்பாட்டை எவரும் கொடுக்க இயலாது. ஆனால் அது ஏன் இயலாது என்பதைக் கொடுக்க இயலும். ஹெர்பர்ட்டின் தவறு, பெரெஸின் பெருந்தன்மை, சில வரித் தேற்றம், பெங்களூருவில் வாசிக்கப்பட்ட சில பக்கங்கள் என அது இன்று எவருக்கும் திறந்திருக்கிறது. அவற்றை ஊரிலிருந்து வரும் தொலைபேசியில் தமிழில், சுருக்காமலும் மிகைப்படுத்தாமலும், சொல்லி முடிக்கும் மாணவர் தம் ஆய்வேட்டின் கடினமான அதிகாரம் ஒன்றை எழுதி முடித்தவராகவே கருதத்தக்கவர்.